சிரிப்பில் சிந்தனை விதைத்த செம்மல்: கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன்

தோற்றுவாய்

தொல்காப்பியனார் மெய்ப்பாடுகள் எட்டினை வகுத்துரைக்கும்போது நகையினையே முதற்கண் வைத்தார். மனித உள்ளத்தின் இயல்பினை நுணுகி ஆராய்ந்த அப்பேராசான் அழுகைக்கும் வெகுளிக்கும் முன்னதாகச் சிரிப்பை நிறுத்தியது சிந்திக்கத்தக்கது. அந்நகை பிறக்கும் நிலைக்களன்களுள் எள்ளலும் ஒன்றென அவர் குறித்தார். எள்ளல் கூர்மையான கருவியாகும். வலியவன் கையில் அது எளியவனைப் புண்படுத்தும். நல்லவன் கையில் அது அறியாமையை அறுத்தெறியும். இவ்விரண்டனுள் பின்னதைத் தம் வாழ்நாள் பணியாக மேற்கொண்டவர் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் ஆவார்.

கூத்தாடி ஒருவரின் வரலாறு கல்லூரி மலரில் இடம்பெறலாமா என்று நம் பெரியோர்களுள் சிலர் வினவக்கூடும். அவ்வினா புறக்கணிக்கத்தக்கதன்று. கேளிக்கை என்ற பெயரால் இளைஞர்தம் உள்ளத்தைக் கெடுப்பவை மலிந்துள்ள உலகில் இத்தகைய அச்சம் இயல்பானதே. ஆயினும் அண்ணல் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தம் தோழர்களுடன் நகைச்சுவையாக உரையாடியதுண்டு என்பதையும், அந்நகைச்சுவையிலும் உண்மையன்றிப் பிறிதொன்றையும் அவர்கள் மொழிந்ததில்லை என்பதையும் நாம் அறிவோம். நகைச்சுவை தன்னளவில் குற்றமன்று; அது எதனைத் தாங்கி வருகிறது என்பதே வினா. இவ்வளவுகோலைக் கையிற்கொண்டு கலைவாணரின் வாழ்வை நோக்குவது பயன் தரும்.

கடல் கடந்த ஓர் ஒப்புமை

தாம்பரத்தில் வாழும் நமக்கு ஸ்காட்லாந்து முற்றிலும் அயலான நாடன்று. அந்நாட்டுச் சமயத் தொண்டர்கள் 1837-ஆம் ஆண்டில் தொடங்கிய பள்ளியே வளர்ந்து சென்னைக் கிறித்தவக் கல்லூரியாகி, 1937-ஆம் ஆண்டில் தாம்பரத்திற்கு இடம்பெயர்ந்தது. அதே ஸ்காட்லாந்தில் 1870-ஆம் ஆண்டு பிறந்தவர் ஹாரி லாடர். இளமையிலேயே தந்தையை இழந்து, ஆளி நார் ஆலையிலும் பின்னர் நிலக்கரிச் சுரங்கத்திலும் உழைத்தவர் அவர். மியூசிக் ஹால் எனப்படும் கேளிக்கை அரங்குகளில் நகைச்சுவைப் பாடல்கள் பாடிப் புகழின் உச்சியை அடைந்தார். முதல் உலகப் போரில், 1916-ஆம் ஆண்டின் இறுதியில், தம் ஒரே மைந்தனைப் பறிகொடுத்தார். அத்துயரத்தை நெஞ்சில் அடக்கிக்கொண்டு விரைவிலேயே மேடையேறிப் பிறரைச் சிரிக்க வைத்தார். போரில் ஊனமுற்ற வீரர்களுக்காக நிதி திரட்டினார். 1919-ஆம் ஆண்டில் சர் பட்டம் பெற்ற அவர் 1950-இல் மறைந்தார்.

ஏழைக் குடும்பத்தில் தோன்றி, உடலுழைப்பால் பிழைத்து, பாட்டும் சிரிப்பும் கலந்து மக்கள் உள்ளத்தில் குடியேறி, தாங்கொணாத் துன்பத்திற்குப் பின்னும் மேடையை விடாது நின்றவர் என்ற வகையில், அவருக்கு இணையாகத் தமிழகம் காட்டத்தக்கவர் கலைவாணரே. எனினும் நம்மவர் ஒருபடி மேலே சென்றார். சிரிப்பைச் சமுதாயச் சீர்திருத்தத்தின் வாகனமாகவே ஆக்கிக்கொண்டார்.

இளமையும் வறுமையும்

அந்நாளில் திருவிதாங்கூர் அரசின் ஆட்சிக்குட்பட்டிருந்த நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில், 1908-ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 29-ஆம் நாள் சுடலைமுத்துப் பிள்ளைக்கும் இசக்கியம்மாளுக்கும் மகனாகக் கிருஷ்ணன் பிறந்தார். ஊரின் பெயரும் தந்தையின் பெயரும் முன்னெழுத்துகளாகி, பின்னாளில் என். எஸ். கே. என்னும் மூன்றெழுத்தாகத் தமிழகம் எங்கும் வழங்கலாயின.

குடும்பத்தின் வறுமை அவருடைய பள்ளிப் படிப்பைத் தொடக்க நிலையிலேயே நிறுத்திவிட்டது. டென்னிஸ் மட்டைகளுக்கு நரம்பு பின்னும் வேலையில் சிறுவன் கிருஷ்ணன் அமர்ந்தான். நாடகக் கொட்டகையில் சோடா விற்கும் வேலையும் பார்த்தான். விற்பனை செய்ய வந்த சிறுவனின் கண்களோ மேடையின்மீதே பதிந்திருந்தன. பாடல்களையும் உரையாடல்களையும் கேட்ட மாத்திரத்தில் மனத்தில் பதித்துக்கொள்ளும் ஆற்றல் அவனிடம் இயற்கையாகவே அமைந்திருந்தது.

நாஞ்சில் நாட்டு மண்ணுக்கே உரிய கலையாகிய வில்லுப்பாட்டு அவனை ஈர்த்தது. கதையைப் பாட்டாகவும் பேச்சாகவும் மாற்றி மாற்றி வழங்குவதும், குடம், உடுக்கு ஆகியவற்றின் தாளத்திற்கு இடையே அவையோருடன் நேரடியாக உறவாடுவதும், பக்கப்பாட்டுக்காரர் வினவ முதன்மைப் பாடகர் விடையிறுப்பதும் அக்கலையின் இயல்புகள். கிருஷ்ணன் பிற்காலத்தில் மேடையிலும் திரையிலும் கையாண்ட முறை முழுவதற்கும் வித்து இங்கேயே ஊன்றப்பட்டது எனலாம்.

நாடக மேடையில்

டி. கே. எஸ். சகோதரர்களின் மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபை 1925-ஆம் ஆண்டில் தோன்றியது. அதன் தொடக்க நாட்களிலேயே கிருஷ்ணன் அக்குழுவில் இணைந்தார். அக்காலத்துப் பாய்ஸ் கம்பெனிகள் சிறுவர்களுக்கு உணவும் உறையுளும் பயிற்சியும் ஒருங்கே அளித்த குருகுலங்களாக விளங்கின. விடியலில் பாட்டுப் பயிற்சி, பகலில் ஒத்திகை, இரவு விடியுமட்டும் நாடகம் என்னும் கடுமையான ஒழுங்கில் அவர் வளர்ந்தார். எந்த நடிகர் வரத் தவறினாலும் அந்த வேடத்தை ஏற்று நடிக்க வல்லவராகத் திகழ்ந்தார்.

வெ. சாமிநாத சர்மாவின் படைப்பை அடிப்படையாகக் கொண்டு அக்குழு நடித்த தேசபக்தி என்னும் நாடகத்தில், காந்தியடிகளின் வரலாற்றைக் கிருஷ்ணன் வில்லுப்பாட்டாகப் பாடினார். ஆங்கில அரசின் கெடுபிடி மிகுந்திருந்த நாட்களில், சிறுதெய்வக் கதைகளுக்கே உரியதெனக் கருதப்பட்ட நாட்டுப்புறக் கலைவடிவில், வாழும் தலைவர் ஒருவரின் கதையை அமைத்தது புதுமையாகும். பழைய பாத்திரத்தில் புதிய பொருளைப் பெய்து தரும் இம்முறையே அவர்தம் கலைக்கொள்கையாக நிலைபெற்றது.

திரையும் மதுரமும்

தமிழில் பேசும்படம் 1931-ஆம் ஆண்டில் பிறந்தது. சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே மின்சார இரயில் ஓடத் தொடங்கியதும் அதே ஆண்டில்தான். நாடக மேடையில் தேர்ந்த நடிகர்கள் பலர் அடுத்த சில ஆண்டுகளில் திரையை நோக்கி நகர்ந்தனர். டி. கே. எஸ். சகோதரர்கள் நடித்து 1935-இல் வெளிவந்த மேனகாவில் கிருஷ்ணன் திரையில் தோன்றினார். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கத்தில் 1936-ஆம் ஆண்டு வந்த சதி லீலாவதியிலும் நடித்தார். பின்னாளில் தமிழக முதலமைச்சரான எம். ஜி. இராமச்சந்திரன் திரைக்கு அறிமுகமானது அப்படத்தின் வாயிலாகவே என்பது குறிப்பிடத்தக்கது.

அதே ஆண்டில் வசந்தசேனா படப்பிடிப்பின்பொருட்டுப் பூனா நகருக்குச் சென்றபோது டி. ஏ. மதுரம் அம்மையாருடன் அவருக்கு அறிமுகம் ஏற்பட்டது. அவ்வறிமுகம் கலைத்துணையாகவும் பின்னர் இல்லறத் துணையாகவும் மலர்ந்தது. தமிழ்த் திரையின் முதற்பெரும் நகைச்சுவை இணை இவ்வாறு உருவாயிற்று. அம்பிகாபதி, சகுந்தலை, ஆர்யமாலா, கண்ணகி, சிவகவி, ஹரிதாஸ் எனப் படங்கள் பெருகின. தம் காட்சிகளைத் தாமே எழுதி, தம் குழுவினரைக் கொண்டே நடித்து, படத்தின் மையக்கதைக்கு இணையாக ஒரு தனிக்கதையை நகைச்சுவையாக அமைத்துத் தரும் முறையைக் கிருஷ்ணன் வகுத்துக்கொண்டார். சுவரொட்டியில் அவ்விருவர் பெயரும் இருத்தல் வேண்டும் என்று படம் எடுப்போர் விரும்பும் காலம் வந்தது.

இவ்விணையின் பாடல்களில் ஊன்றி நோக்கத்தக்க ஒரு பண்பு உண்டு. அந்நாளைய நகைச்சுவையில் பெண் பெரும்பாலும் கேலிப்பொருளாகவே நின்றாள். கிருஷ்ணன்–மதுரம் பாடல்களிலோ ஆணுக்கு நிகராகப் பெண் வாதிடுகிறாள். பல இடங்களில் அவளே வெல்கிறாள். கணவனின் வீண்பெருமையையும் மூடப்பழக்கத்தையும் மனைவி இடித்துரைக்க, அவன் நாணித் தலைகவிழ்வான். தாமே தோற்று நிற்கும் வேடத்தைக் கிருஷ்ணன் விரும்பி ஏற்றார். எள்ளலைப் பிறர்மீது வீசாமல் தம்மீதே திருப்பிக்கொண்டு, அதன் வாயிலாக அவையோர் தத்தம் குறையைத் தாமே உணரச் செய்தார். சீர்திருத்தம் பேசியும் அவர் எவர் பகையையும் தேடிக்கொள்ளாத மருமம் இதுவேயாகும்.

பழியும் சிறையும்

வாழ்வின் நடுப்பகலில் இருள் சூழ்ந்தது. 1944-ஆம் ஆண்டு நவம்பர் 8-ஆம் நாள், திரைக்கலைஞர்களைப் பற்றிய அவதூறுகளை ஏட்டில் வெளியிட்டு வந்த இலட்சுமிகாந்தன் என்பவர் சென்னை வேப்பேரியில் தாக்கப்பட்டு, மறுநாள் உயிரிழந்தார். அவ்வழக்கில் அவ்வாண்டு டிசம்பரில் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும், கோவைப் பட அதிபர் ஸ்ரீராமுலு நாயுடுவும் கைது செய்யப்பட்டனர். நாடே திகைத்தது. பாகவதரும் கிருஷ்ணனும் நடித்த ஹரிதாஸ் அவ்வாண்டுத் தீபாவளிக்கு வெளிவந்து சென்னை பிராட்வே அரங்கில் ஓடிக்கொண்டிருந்தது. வெள்ளித்திரையில் மக்கள் அவர்களைக் கண்டு மகிழ்ந்துகொண்டிருக்க, அவர்களோ சிறைக்கதவுகளின் பின்னே இருந்தனர். மூன்று தீபாவளிகளைக் கண்ட அப்படத்தின் வெற்றியை உரியவர்கள் உடனிருந்து துய்க்க இயலவில்லை.

சென்னை உயர்நீதிமன்றத்தில் ஜூரிகளின் துணையோடு வழக்கு நடந்தது. 1945-ஆம் ஆண்டு மே மாதத்தில், ஜூரிகளின் பெரும்பான்மைக் கருத்தின்படி, பாகவதருக்கும் கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. ஸ்ரீராமுலு நாயுடு விடுவிக்கப்பட்டார். உயர்நீதிமன்றத்தில் செய்த மேல்முறையீடும் பயன் தரவில்லை. எஞ்சியிருந்த ஒரே வழி, அந்நாளில் இந்தியாவின் இறுதி நீதிமன்றமாக இலண்டனில் இயங்கிய பிரிவி கவுன்சில். கடல் கடந்து வழக்காடுவதற்கோ பெரும்பொருள் வேண்டும்.

இவ்விடத்தில் மதுரம் அம்மையாரின் உறுதி பாராட்டற்குரியது. கணவர் சிறையில், ஈட்டிய செல்வம் வழக்கில் கரைந்துகொண்டிருந்தது. அவர் வீட்டில் அமர்ந்து கண்ணீர் வடித்துக் காலங்கழிக்கவில்லை. எஸ். வி. சகஸ்ரநாமம் முதலான தோழர்களின் துணையோடு கணவர் பெயரால் நாடகக் குழுவை நடத்தினார். அக்குழுவின் நாடகமான பைத்தியக்காரன் திரைப்படமாகவும் எடுக்கப்பட்டு 1947-இல் வெளிவந்தது. பின்னர்ப் பிரிந்து சென்ற கே. ஆர். இராமசாமியும் தம் குழுவிற்குக் கிருஷ்ணன் நாடக சபை என்றே பெயரிட்டார். அறிஞர் அண்ணாவின் வேலைக்காரி, ஓர் இரவு ஆகிய நாடகங்கள் மேடையேறியது அச்சபையின் வாயிலாகத்தான். சிறையில் இருந்த ஒருவரின் பெயர் வெளியே கலைஞர்களுக்குச் சோறிட்டது. புதிய நாடக இலக்கியத்திற்கும் வழி வகுத்தது.

பிரிவி கவுன்சில் வழக்கை மறுபடி ஆராயுமாறு உயர்நீதிமன்றத்திற்குத் திருப்பி அனுப்பியது. மறுவிசாரணையில் குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை எனக் கண்டு, 1947-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் இருவரும் விடுதலை செய்யப்பட்டனர். நாடு விடுதலை பெறுவதற்கு நான்கு மாதங்களுக்கு முன்னர் அவர்கள் விடுதலை பெற்றனர். இரண்டாண்டுகளுக்கு மேற்பட்ட சிறைவாழ்வு அத்துடன் முடிவுற்றது.

மீட்சி

சிறையிலிருந்து மீண்ட இருவரின் பிற்கால வாழ்வும் இருவேறு திசையில் சென்றன. பாகவதரின் பொற்குரலுக்குப் பழைய வரவேற்பு மீளவில்லை. கிருஷ்ணனோ மக்களால் முன்னிலும் மிகுதியாக அரவணைக்கப்பட்டார். காரணம் என்ன? பாகவதரை மக்கள் வியந்து அண்ணாந்து நோக்கினர். கிருஷ்ணனைத் தம் வீட்டு மனிதராகவே கருதினர். வியப்பு காலத்தோடு மாறும், உறவு மாறாது. மேலும் சிறைவாழ்வு அவருடைய நகைச்சுவையில் கசப்பை ஏற்றவில்லை. தம்மைப் பழித்தோரைச் சாடுவதற்கு அவர் மேடையைப் பயன்படுத்தவில்லை. துன்பம் நேர்ந்த காலத்தும் முகமலர்ச்சி குன்றாதிருத்தல் வேண்டும் என்னும் வள்ளுவத்திற்கு அவர் வாழ்வே உரையாயிற்று.

1947-ஆம் ஆண்டில் நாடகப் பேராசிரியர் பம்மல் சம்பந்த முதலியார் அவருக்குக் கலைவாணர் என்னும் பட்டத்தைச் சூட்டினார். நம் பல்லாவரத்தை அடுத்துள்ள பம்மலின் பெயரைத் தம் பெயரோடு தாங்கி, 1891-இல் சுகுண விலாச சபையைத் தோற்றுவித்து, தமிழ் நாடகத்திற்குக் கற்றோர் நடுவே மதிப்புத் தேடித் தந்தவர் முதலியார். கற்றோர் அரங்கின் தலைவர், பள்ளிப்படிப்பை இழந்து பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்த கலைஞரைத் தேடிச் சிறப்பித்தது பொருள் பொதிந்த நிகழ்ச்சியாகும். இயற்பெயரையே மறக்கச் செய்யுமளவிற்கு அப்பட்டம் நிலைத்துவிட்டது.

கிந்தனாரும் இரயில் வண்டியும்

கலைவாணரின் படைப்புகளுள் தலையாயது கிந்தனார் காலட்சேபம் என்பது பலர் துணிபு. உடுமலை நாராயணகவியின் பாட்டுத்திறனும் கலைவாணரின் கற்பனையும் இணைந்து பிறந்தது அது. நந்தனார் சரித்திரத்தின் வடிவத்தை அப்படியே எடுத்துக்கொண்டு, பொருளை மட்டும் மாற்றினார். நந்தன் தில்லையைக் காண ஏங்கினான். கிந்தன் கல்வியைக் காண ஏங்குகிறான். தாழ்த்தப்பட்ட குடியில் பிறந்த அச்சிறுவனுக்கு ஊரில் பள்ளிக் கதவு மூடப்படுகிறது. அவன் இரயிலேறிப் பட்டணம் செல்கிறான்; படித்து உயர்கிறான்; கல்வி அதிகாரியாக அதே ஊருக்குத் திரும்புகிறான். ஒதுக்கியவர்கள் எழுந்து நின்று வரவேற்கிறார்கள்.

காலட்சேபத்திற்குரிய முறையான இசையும் கதை சொல்லும் பாங்கும் சிறிதும் பிறழாமல் இருந்தமையால் அவையோர் சிரித்தனர். சிரிப்பு அடங்கியபின் சிந்தித்தனர். அதில் இரயில் வண்டியைப் பாடும் பகுதி தனிச்சிறப்புடையது. ஊரில் தெருவுக்குத் தெரு வேலியிட்ட சமுதாயம், இரயில் பெட்டியில் ஒரே பலகையில் தோளோடு தோள் உரச அமர நேர்கிறது. எந்தச் சட்டமும் செய்யாததை ஓர் இயந்திரம் செய்து காட்டிய விந்தையைக் கலைவாணர் கண்டுகொண்டார்.

நாள்தோறும் மின்சார இரயிலில் தாம்பரத்திலும் குரோம்பேட்டையிலும் பல்லாவரத்திலும் ஏறி இறங்கிக் கல்லூரிக்குச் செல்லும் மாணவர்கள் இக்கதையைத் தம் கதையாகவே உணர இயலும். அவர்களுள் தம் குடும்பத்திலேயே முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதித்தவர் பலர். சிற்றூரிலிருந்து புத்தகப் பையுடன் புறப்பட்ட ஒவ்வொருவரும் ஒரு கிந்தனே. இறைவன் முன்னிலையில் ஒரே வரிசையில் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும் தொழுகையின் சமத்துவத்தை நாள்தோறும் ஐவேளை பயிலும் சமுதாயத்திற்கு அவ்விரயில் பெட்டியின் உட்பொருளை விளக்க வேண்டுவதில்லை.

பேரறிஞர் அண்ணாவின் கதையில் 1949-இல் வெளிவந்த நல்லதம்பியில் கிந்தனார் இடம்பெற்றது. மதுவிலக்கின் மேன்மையை வலியுறுத்திய படம் அது. குடியின் கேட்டினை அறவுரையாகச் சொன்னால் குடிப்பவன் செவிசாய்ப்பதில்லை. குடிகாரனின் தள்ளாட்டத்தை அவன் கண்முன் நடித்துக் காட்டினால் தன்னையே கண்டு வெட்குகிறான். மதுவை அறவே விலக்கிய மார்க்கத்தைப் பின்பற்றும் நாம் இம்முறையின் பயனை நன்கு உணர்வோம். அறிவியல் பெருகினால் வீட்டுவேலைகளின் சுமை எவ்வாறு குறையும் என்று கணவனும் மனைவியும் கனவு காண்பதாக அமைந்த பாடலும் அப்படத்தில் உண்டு. பொத்தானைத் தொட்டால் பணி முடியும் என்ற அக்கற்பனை அந்நாளில் வெறும் வேடிக்கையாகத் தோன்றியது. இன்று அவற்றுட் பல நம் இல்லங்களில் நாள்தோறும் நிகழ்கின்றன.

மணமகள் (1951), பணம் (1952) ஆகிய படங்களைக் கலைவாணரே இயக்கினார். இரண்டிற்கும் உரையாடல் தீட்டியவர் கலைஞர் மு. கருணாநிதி. 1951-இல் இயக்குநர் கே. சுப்பிரமணியம் முதலியோருடன் சோவியத் நாட்டுக்கும் சென்று வந்தார். ராஜா ராணி (1956) என்னும் படத்தில் சிரிப்பின் வகைகளையே பாடலாக்கி, ஒவ்வொரு சிரிப்பையும் சிரித்துக் காட்டிய காட்சி காண்போரை இன்றும் மகிழ்விக்கிறது.

வில்லுப்பாட்டையும் அவர் மறந்தாரில்லை. நெல்லைச் சீமையைச் சேர்ந்த சுப்பு ஆறுமுகம் என்னும் இளைஞரின் திறனைக் கண்டு சென்னைக்கு அழைத்து வந்து ஆதரித்தார். காந்தியடிகளின் கதை வில்லிசையாக மீண்டும் ஒலித்தது. அவ்விளைஞரே பின்னர் வில்லிசையை உலகறியச் செய்து, 2022-ஆம் ஆண்டு மறையுமட்டும் அக்கலையைப் போற்றி வளர்த்தார். மகாத்மாவின் மறைவுக்குப் பின் நாகர்கோவில் நகரப் பூங்காவில் தம் செலவில் கலைவாணர் நினைவுத்தூண் எழுப்பியதும் ஈண்டு நினைக்கத்தக்கது.

கொடையும் அதன் விலையும்

கலைவாணரின் கலையைப் போற்றுவோர் அனைவரும் அவருடைய கொடையையும் உடன் போற்றுவர். திருமணத்திற்குப் பொருள் வேண்டி வந்தவர்கள், படிப்பிற்குப் பணம் வேண்டி வந்தவர்கள், நலிந்த நாடகக் கலைஞர்கள் என அவரை நாடி வந்தோர் எண்ணற்றவர். சாதியும் சமயமும் அவர் வினவியதில்லை. ஏமாற்ற வந்தவர் என்று அறிந்தும் கொடுத்தார் என்பர். இல்லையென்று சொல்லும் துன்பத்தைவிடக் கொடுத்து வறியராகும் துன்பம் சிறிதெனக் கருதினார் போலும்.

இவ்விடத்தில் உண்மையை மறைத்தல் ஆகாது. பெரும்பொருள் ஈட்டிய அவர் இறுதி நாட்களில் பொருள் முடையால் வாடினார். ஒழுகினசேரியில் மதுர பவனம் என்னும் மாளிகையை எழுப்பியவரின் குடும்பம், அவர் மறைவுக்குப் பின் துன்புற்றது. கொடையிலும் நடுநிலை வேண்டும் என்பதும், வழித்தோன்றல்களைப் பிறர் கையை எதிர்பார்க்கும் நிலையில் விட்டுச்செல்லலாகாது என்பதும் நம் மார்க்கம் காட்டும் நெறி. அந்நெறியால் அளந்தால் கலைவாணரின் கொடை அளவு கடந்தது என்றே சொல்லுதல் வேண்டும். ஆயினும் அளவுக்கு மிஞ்சிச் சேர்ப்போர் நிறைந்த உலகில், அளவுக்கு மிஞ்சிக் கொடுத்தவரைக் குறை கூற நா எழுவதில்லை. மாணவர்கள் அவர்தம் ஈரநெஞ்சைப் பின்பற்றுக. அதனோடு இல்லத்தார்க்குரிய கடமையையும் இணைத்துக்கொள்க என்பதே இவ்வரலாறு உணர்த்தும் பாடம்.

இறுதி நாட்கள்

1957-ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தலில் காஞ்சிபுரத்தில் அறிஞர் அண்ணா போட்டியிட்டார். அவரை எதிர்த்து நின்றவர் மக்களின் மதிப்பைப் பெற்ற மருத்துவர். அண்ணாவிற்கு ஆதரவு திரட்டச் சென்ற கலைவாணர், எதிரணி வேட்பாளரின் மருத்துவத் திறனையும் நற்பண்பையும் நெடுநேரம் புகழ்ந்துகொண்டே போனாராம். அவையோர் திகைத்து நின்ற வேளையில், இத்தகைய நல்ல மருத்துவரைச் சென்னைக்கு அனுப்பிவிட்டால் ஊரில் நோயுற்றவர்களை யார் காப்பது என்று வினவி, அவரை ஊரிலேயே வைத்துக்கொண்டு அண்ணாவைச் சட்டமன்றத்திற்கு அனுப்புமாறு கேட்டுக்கொண்டாராம். எதிரியையும் இழிவுபடுத்தாமல் வெல்லும் அந்நாகரிகம் இன்றைய மேடைகளுக்குப் பெரிதும் தேவை.

அவ்வாண்டே அவர் உடல்நலம் குன்றியது. 1957 ஆகஸ்ட் 30-ஆம் நாள், நாற்பத்தொன்பது வயது நிறைவதற்குள், சென்னையில் அவர் உயிர் பிரிந்தது. அவர் நடித்த அம்பிகாபதி அவர் மறைந்தபின் திரைக்கு வந்தது. சிரிக்க வைத்தவரின் இறுதிப் பயணத்தில் தமிழகம் அழுதது. அவர் பணியைப் பகிர்ந்து நின்ற மதுரம் அம்மையார் 1974-இல் மறைந்தார்.

சென்னை தியாகராய நகரில் அவருக்குச் சிலை எழுப்பப்பட்டது. 1969-ஆம் ஆண்டு சனவரி 14-ஆம் நாள், பொங்கல் திருநாளில், முதலமைச்சர் அண்ணா நோயின் கடுமையையும் பொருட்படுத்தாது வந்து அதனைத் திறந்து வைத்தார். நம் மாநிலம் தமிழ்நாடு என்னும் பெயரைப் பெற்றதும் அந்நாளிலேயே. அண்ணா கலந்துகொண்ட இறுதிப் பொதுநிகழ்ச்சியாகவும் அது அமைந்தது. மூன்று வாரங்களுக்குள் அவரும் மறைந்தார். அரசினர் அரங்கமொன்று கலைவாணர் அரங்கம் என்னும் பெயரோடு வாலாஜா சாலையருகே விளங்குகிறது. பழைய கட்டடம் இடிக்கப்பட்டபோதும், 2016-இல் எழுந்த புதிய கட்டடத்திற்கும் அப்பெயரே நிலைத்தது.

நிறைவுரை

கூத்தாடி ஒருவரின் வரலாறு கல்லூரி மலருக்கு ஏற்றதா என்னும் வினாவோடு இக்கட்டுரை தொடங்கியது. கல்வி மறுக்கப்பட்டவன் கல்வி அதிகாரியாக மீளும் கதையைச் சொன்னவர், தாமே நான்கு வகுப்புகளைக் கடக்க இயலாதிருந்தவர் என்பதை எண்ணிப் பார்த்தால் விடை தானே கிடைக்கும். தமக்குக் கிட்டாத ஒன்றைப் பிறர்க்குக் கிட்டச் செய்யும் வேட்கையே அவர் சிரிப்பின் அடியில் ஓடிய நீரோட்டம்.

மாணவ நண்பர்கள் நகைச்சுவை பேசுவோராகவே இருத்தல் வேண்டும். இளமைக்கு அது அழகு. ஆனால் ஒரு சொல்லை உதிர்க்குமுன், இதனைக் கேட்டு யார் சிரிப்பார், யார் அழுவார் என்று ஒருகணம் எண்ணுதல் வேண்டும். வகுப்பறையில் எளிய உடையணிந்து வருபவனையும், திக்கிப் பேசுபவனையும், வேறு ஊர் வழக்கில் பேசுபவனையும் நோக்கி எழும் சிரிப்பு கலைவாணரின் சிரிப்பன்று. தன் அறியாமையைத் தானே கண்டு நகைப்பதும், துன்புற்றவன் முகத்தில் மலர்ச்சியை வரவழைப்பதுமே அவர் விட்டுச்சென்ற செல்வம். அச்செல்வத்தைப் பேணுதல் தமிழ் கற்போர் அனைவர்க்கும் கடனாகும்.